எட்டாவது நிறமும் ரெண்டு இட்லியும்

ஒளி சோம்பேறியா இருந்தா என்ன ஆகும்?

கேள்வி கொஞ்சம் கிறுக்குத்தனமா இருக்கலாம். ஆனா டெர்ரி பிராட்செட்னு ஒரு ஆங்கிலேயர் இதை வெச்சு ஒரு உலகத்தையே கட்டி, 1983-ல இருந்து 2015 வரைக்கும் 41 நாவல் எழுதிட்டுப் போயிட்டார். டிஸ்க்வேர்ல்ட். நம்ம பாஷையில தட்டுலகம்னு வெச்சுக்குவோம். உலகம் தோசைக்கல் மாதிரி தட்டை. அதை நாலு யானை தாங்குது. நாலு யானையும் ஒரு பிரம்மாண்ட ஆமையோட முதுகுல நிக்குது. ஆமை விண்வெளியில நீந்திக்கிட்டே இருக்கு. சின்னதா ஒரு சூரியன் இந்த மொத்தக் கூட்டத்தையும் சுத்தி வருது. அது கடந்து போறதுக்கு அப்பப்ப ஒரு யானை காலைத் தூக்கி வழிவிடணும். (இந்த இடத்துலதான் நான் அவரோட ரசிகன் ஆனேன். யானை கால் தூக்கறதை யோசிச்சு எழுதறவன் சும்மா ஆள் இல்லை.)

இந்த உலகத்துல மந்திரம் அடர்த்தியா பரவிக் கிடக்கு. அந்தப் புலத்துக்குள்ள நுழையற வெளிச்சம் வேகத்தை இழந்துடும். நம்ம ஊர் வெளிச்சம் மாதிரி கண்ணை மூடித் திறக்கறதுக்குள்ள வந்து சேராது. பாகு மாதிரி ஊர்ந்து வரும். விடியல்னா அங்க ஒரே நொடியில எல்லா ஊருக்கும் விடியாது. மலைச்சரிவுல வழிஞ்சு, பள்ளத்தாக்குல தேங்கி, உலகத்தோட நட்டநடுவுல இருக்கற உயரமான மலை மறிச்சா அதுக்கு முன்னாடி குவிஞ்சு, நிரம்பி, அப்புறம் அந்தப் பக்கம் கவிழும். 1986-ல வந்த 'தி லைட் ஃபென்டாஸ்டிக்' இப்படி ஒரு சோம்பேறி விடியலோடதான் ஆரம்பிக்குது.

கதைக்காரங்க நிறைய பேர் மந்திரம்னு சொல்லிட்டா அதுக்கப்புறம் கணக்கு கிடையாதுன்னு விட்டுடுவாங்க. பிராட்செட் அப்படி விடமாட்டார். ஒரே ஒரு பொய் சொல்வார். அதுக்கப்புறம் அந்தப் பொய்க்கு உண்மையா இருப்பார். வெளிச்சத்துக்கு எடை மாதிரி ஒண்ணு இருக்குன்னா அது தேங்கும், வழியும். தேங்கறதை ஒருத்தன் தேக்கி வெப்பான். இப்படியே போகும். நான் படிச்ச பல அறிவியல் புனைகதைகளைவிட இந்த மந்திரவாதிக் கதைகள்ல அறிவியல் மனசு அதிகம்னு சொல்வேன். சண்டைக்கு வர்றவங்க வரலாம். :)

அடுத்தது நிறம். நமக்கு வானவில்லுல ஏழு. அந்த ஏழே ஒரு கூத்துதான். நியூட்டன் முதல்ல அஞ்சு நிறம்தான் சொன்னார். இசையில ஏழு சுரம் இருக்கே, அதோட பொருந்தணுமேன்னு அப்புறம் ஆரஞ்சையும் இண்டிகோவையும் நடுவுல சொருகினார். இன்னைக்கும் இண்டிகோவையும் நீலத்தையும் தனித்தனியா பிரிச்சுக் காட்டச் சொன்னா பாதிப் பேர் முழிப்போம். நியூட்டன் ரெண்டைச் சேர்க்கலாம்னா நான் ஒண்ணு சேர்க்கக்கூடாதான்னு பிராட்செட் எட்டாவது நிறத்தைக் கொண்டு வந்தார். ஆக்டரின். மந்திரத்தோட நிறம். பார்க்க எப்படி இருக்கும்? பச்சையும் மஞ்சளும் ஊதாவும் சேர்ந்து பளபளக்கும்னு சொல்றார். மந்திரவாதிகளுக்குத் தெரியும், பூனைகளுக்குத் தெரியும். மத்தவங்களுக்குத் தெரியாது.

ஏன் தெரியாதுங்கறதுக்கும் காரணம் வெச்சிருக்கார், கவனிங்க. நம்ம விழித்திரையில ரெண்டு வகை செல் இருக்குன்னு பள்ளிக்கூடத்துல படிச்சிருப்போம். குச்சி செல், கூம்பு செல். குச்சி மங்கின வெளிச்சத்துக்கு, கூம்பு நிறத்துக்கு. மந்திரவாதிக்கு மூணாவதா ஒரு வகையும் இருக்கு. எண்கோண செல்! உடற்கூறியல் புத்தகத்துல இருந்து ஒரு பக்கத்தை உருவி, ஒரு வரியைச் சேர்த்து, திரும்ப ஒட்டி வெச்ச மாதிரி.

ஆக்டரினை எப்படித் தமிழ்ல சொல்றதுன்னு நான் ரொம்ப நாள் யோசிச்சிருக்கேன். எண்ணிறம்னு சொல்லலாம். எண் திசை, எண் கோணம் மாதிரி. எண்ணுன்னா நமக்கு எட்டும் வரும், எண்ணிக்கையும் வரும், நினைக்கறதும் வரும். நினைச்சாத்தான் தெரியற நிறம். மூலத்தைவிட இது நல்லா இருக்கோன்னு எனக்கு ஒரு சின்ன கர்வம் உண்டு, கண்டுக்காதீங்க.

சரி, துகளுக்கு வருவோம். தட்டுலகத்து மந்திரத்தை அளக்க ஒரு அலகு உண்டு, தௌம். ஒரு தௌம்னா ஒரு சின்ன வெள்ளைப் புறாவையோ, மூணு பில்லியர்ட்ஸ் பந்தையோ வரவழைக்கத் தேவையான மந்திரம். ஆரம்பப் புத்தகங்கள்ல அவ்வளவுதான். ஆனா அந்த உலகத்துலயும் ஆராய்ச்சி நடக்குது. அங்க உள்ள பல்கலைக்கழகத்துக்குப் பேரே கண்ணுக்குத் தெரியாத பல்கலைக்கழகம். பெரிய தொப்பை மந்திரவாதிகள் நாலு வேளை சாப்பிட்டுத் தூங்க, பின்பக்கம் 'உயர் ஆற்றல் மந்திரக் கட்டடம்'னு ஒண்ணுல இளவட்டங்க தூங்காம வேலை பார்க்கறாங்க. அவங்க தௌம் வெறும் அலகு இல்லை, ஒரு துகள்னு கண்டுபிடிக்கறாங்க. அப்புறம் அதையும் பிளந்துடறாங்க. உள்ள ரீசான்னு குட்டித் துகள்கள். அதுக்கு அஞ்சு சுவை: மேல், கீழ், பக்கவாட்டு, கவர்ச்சி, பெப்பர்மின்ட்.

சிரிக்கறதுக்கு முன்னாடி நம்ம இயற்பியலைப் பாருங்க. குவார்க்குக்கு ஆறு சுவை: மேல், கீழ், விசித்திரம், வசீகரம், உச்சி, அடி. சுவைங்கற வார்த்தையையே அவங்களும் சொல்றாங்க. குவார்க்குங்கற பேருக்கு எழுத்துக்கூட்டு, ஜேம்ஸ் ஜாய்ஸ் நாவல்ல இருந்து முர்ரே ஜெல்-மன் எடுத்தது. எது அறிவியல், எது நையாண்டின்னு பேரை மட்டும் வெச்சுப் பிரிக்க முடியாது. பெப்பர்மின்ட்டுக்கும் வசீகரத்துக்கும் என்ன பெரிய தூரம்?

இதுல இன்னொரு பின்னணி இருக்கு. பிராட்செட் முழுநேர எழுத்தாளர் ஆகறதுக்கு முன்னாடி 1980-ல இருந்து 1987 வரைக்கும் பிரிட்டனோட மத்திய மின் உற்பத்தி வாரியத்துல பத்திரிகைத் தொடர்பு அதிகாரி. அவர் கவனிச்ச நிலையங்கள்ல அணுமின் நிலையங்களும் உண்டு. அமெரிக்காவுல மூணு மைல் தீவு விபத்து நடந்தது 1979 மார்ச்ல. அதுக்கு அடுத்த வருஷம், நிருபர்கள் கிட்ட போய் "ஒண்ணும் பயமில்லை"ன்னு சொல்ற வேலைக்குச் சேர்ந்திருக்கார் மனுஷன். 1999-ல ரெண்டு விஞ்ஞானிகளோட சேர்ந்து எழுதின 'தி சயின்ஸ் ஆஃப் டிஸ்க்வேர்ல்ட்' புத்தகத்துல மந்திரவாதிகள் தௌமைப் பிளக்கற உலையை எங்க கட்டறாங்கன்னு நினைக்கறீங்க? பல்கலைக்கழகத்து ஸ்குவாஷ் மைதானத்துல. 1942 டிசம்பர் 2-ம் தேதி என்ரிகோ ஃபெர்மி குழு உலகத்தோட முதல் அணு உலையை ஓட்டினது சிகாகோ பல்கலைக்கழக விளையாட்டரங்கத்துப் பார்வையாளர் மேடைக்கு அடியில இருந்த ஒரு பந்தாட்டக் கூடத்துலதான். ஊருக்கு நடுவுல! நையாண்டின்னு படிச்சது வரலாறா இருக்கும். அவர் கிட்ட இது அடிக்கடி நடக்கும்.

கிங்கான் கதையைச் சொல்லாம விட்டா பாவம். 1987-ல வந்த 'மார்ட்' நாவல்ல ஒரு தத்துவஞானி சொல்வார்: ஒளியைவிட வேகமானது ஒண்ணே ஒண்ணுதான், ராஜ பதவி. ராஜா செத்த அடுத்த கணமே, எவ்வளவு தூரத்துல இருந்தாலும், இளவரசன் ராஜா ஆயிடறான் இல்லையா? அப்ப நடுவுல ஏதோ துகள் போகணுமே. அதுதான் கிங்கான். ஒரு சின்ன ராஜாவைப் பிடிச்சு ஜாக்கிரதையா சித்திரவதை செஞ்சா அதை வெச்சுத் தந்தி அனுப்பலாம்னு அவருக்கு யோசனை. பாவம், விவரமா விளக்கறதுக்குள்ள சாராயக்கடையை மூடிட்டாங்க.

இதெல்லாம் கற்பனை, நம்ம ஃபோட்டான்தான் நிஜம்னு நிமிர்ந்து உக்காரறவங்களுக்கு ஒரு சேதி. ஃபோட்டான்ங்கற பேரைப் பரவவிட்டது கில்பர்ட் லூயிஸ்னு ஒரு அமெரிக்க வேதியியலாளர், 1926-ல. அவர் அந்தப் பேரை வெச்சது நாம இன்னைக்கு ஃபோட்டான்னு சொல்ற சமாசாரத்துக்கு இல்லை. ஒளியைச் சுமந்து போற ஒரு புது வகை அணு, அதை ஆக்கவும் முடியாது அழிக்கவும் முடியாதுன்னு அவர் ஒண்ணைக் கற்பனை செஞ்சார். அப்படி ஒண்ணு கிடையாது. சுவிட்சைப் போட்டா ஃபோட்டான் பிறக்குது, சுவத்துல பட்டா செத்துப்போகுது. லூயிஸோட துகள் போயிடுச்சு, பேர் மட்டும் தங்கிடுச்சு. ஐன்ஸ்டைன் 1905-ல சொன்ன ஒளிக்கற்றைத் துணுக்குக்கு அந்தப் பேரைத் தூக்கி வெச்சுட்டாங்க. இல்லாத பிள்ளைக்குத் தெச்ச சட்டையை இருக்கற பிள்ளைக்குப் போட்ட மாதிரி.

சோம்பேறி வெளிச்சமும் சும்மா போகலை. 1924-ல டாக்கா பல்கலைக்கழகத்துல இருந்த சத்யேந்திர நாத் போஸ் ஒளித்துகள்களை எண்ணறதுக்கு ஒரு புதுக் கணக்கு எழுதி ஐன்ஸ்டைனுக்கு அனுப்பினார். ஐன்ஸ்டைனே அதை ஜெர்மன்ல மொழிபெயர்த்து வெளியிட வெச்சு, அதே கணக்கை அணுக்களுக்கும் நீட்டினார். ரொம்பக் குளிர வெச்சா அணுக்கள் எல்லாம் ஒரே நிலையில போய் அடங்கிடும்னார். அந்தக் கூழை நிஜமா செஞ்சு காட்ட 1995 ஆச்சு. 1999-ல லேனே ஹாவ்ங்கற டென்மார்க் இயற்பியலாளர், அமெரிக்காவுல, அப்படிக் குளிரவெச்ச சோடியம் அணுக்களுக்குள்ள ஒளியை விட்டு அதோட வேகத்தை நொடிக்கு 17 மீட்டருக்குக் கொண்டு வந்தார். மணிக்குக் கிட்டத்தட்ட 61 கிலோமீட்டர். நம்ம புறநகர் பஸ் ஓவர்டேக் பண்ணிட்டுப் போயிடும். 2001-ல கொஞ்ச நேரம் நிறுத்தியே வெச்சாங்க. நாவல்ல தேங்கி நின்ன வெளிச்சம் பதினஞ்சு வருஷத்துல சோதனைச்சாலையில தேங்கிடுச்சு. பிராட்செட் தீர்க்கதரிசின்னு நான் சொல்லலை. அவருக்கு அந்த எண்ணமும் இல்லை. அந்த மாதிரிப் பட்டத்தைக் கேட்டா திட்டியிருப்பார்.

இதுவரைக்கும் எல்லாம் வாசகனோட சந்தோஷம். இதுக்கு மேல எழுதணுமான்னு ரெண்டு வாரமா யோசிச்சேன்.

2007 டிசம்பர்ல பிராட்செட் தனக்கு வந்திருக்கற நோயைப் பத்தி வெளிப்படையா சொன்னார். அப்ப வயசு 59. போஸ்டீரியர் கார்ட்டிகல் அட்ரஃபி, சுருக்கமா பி.சி.ஏ. அல்ஸைமர் நோயோட அரிதான ஒரு வடிவம். 1988-ல ஃபிராங்க் பென்சன் குழு இதைத் தனியா அடையாளம் காட்டினாங்க. சாதாரணமா அல்ஸைமர்னா ஞாபக மறதிதான் முதல்ல வரும். இதுல ஞாபகமும் பேச்சும் ரொம்ப நாள் நல்லாவே இருக்கும். மூளையோட பின்பகுதி, அதாவது கண் அனுப்பற சேதியை வாங்கி உருவமா கோக்கற இடம், அது முதல்ல தேய ஆரம்பிக்கும். கண் பழுதாகாது. விழித்திரையில குச்சி, கூம்பு எல்லாம் சரியா இருக்கும். ஒளி வரும், விழும், சேதியும் கிளம்பும். வாங்கிப் பிரிக்கற ஆள் இருக்கமாட்டான்.

மந்திரவாதிக்கு ஒரு செல்லைக் கூடுதலா கொடுத்து எட்டாவது நிறத்தைக் காட்டினவருக்கு இப்படி. 2010 பிப்ரவரியில பி.பி.சி.யோட டிம்பிள்பி சொற்பொழிவை அவர் எழுதினார். முன்னுரையைத் தவிர மத்ததை மேடையில வாசிச்சது அவர் இல்லை, டோனி ராபின்சன்ங்கற நடிகர். தான் எழுதினதையே தொடர்ந்து வாசிக்க முடியலை. ஆனா எழுத்து நிக்கலை. தட்டச்ச முடியாமப் போனப்ப கணினிகிட்ட வாயால சொல்லி எழுதினார். 2015 மார்ச் 12-ல காலமானார். கடைசி நாவல் அந்த வருஷமே அப்புறமா வந்தது.

இந்த நோயோட பேர் எனக்கு முதல்ல தெரிஞ்சது அவர் மூலமாத்தான். ரெண்டாவது தடவை கேட்டது ஒரு நரம்பியல் மருத்துவரோட அறையில, சித்தப்பா பக்கத்துல உக்காந்திருந்தப்ப.

சித்தப்பா வாழ்க்கை முழுக்கக் கட்டட வரைபடம் போட்டவர். கணினி வர்றதுக்கு முன்னாடி, டிராஃப்டிங் டேபிள், டி-ஸ்கொயர், ரோட்ரிங் பேனா காலம். அரை மில்லிமீட்டர் தள்ளியிருந்தா தூரத்துல இருந்தே சொல்லிடுவார். அறுபத்தொண்ணு வயசுல பேப்பர் படிக்கறப்ப வரி குதிக்குதுன்னார். கண்ணாடி மாத்தினாங்க. மறுபடி மாத்தினாங்க. கண் மருத்துவர் "கண்ணு நல்லா இருக்கு சார், வயசாகுதில்ல"ன்னு அனுப்பினார். அவர் சொன்னதுல முதல் பாதி முழு உண்மை. பி.சி.ஏ. வந்தவங்க முதல்ல போய் நிக்கற இடம் பெரும்பாலும் கண் மருத்துவமனைதான், அங்க எல்லாம் சரியா இருக்குன்னுதான் சொல்வாங்க.

பால்கனியில இருந்து எதிர்வீட்டுத் தண்ணித் தொட்டி மேல உக்காந்த காக்காவைக் காட்டுவார். ஆனா கைக்கெட்டற தூரத்துல இருக்கற காபி டம்ளரைத் துழாவுவார். தூரத்துல சின்னதாத் தெரியற ஒண்ணு பிடிபடும், பக்கத்துல பெருசா இருக்கறது சிதறிப்போகும். குளியலறை வாசல்ல கறுப்பு மிதியடி கிடந்தது. அதைத் தாண்டமாட்டார். அவருக்கு அது குழி. சித்தி சொல்லிச் சொல்லிப் பார்த்து, கடைசியில மிதியடியையே தூக்கிப் போட்டாங்க.

"தெரியலையா சித்தப்பா?"ன்னு கேட்டேன் ஒருநாள்.

"தெரியுதுடா. பிடிபடலை."

தமிழ்ல தெரியும்னா பார்வைக்குப் படறதும் அதுதான், அறிவுக்குப் படறதும் அதுதான். ஒரே வினை. "காக்கா தெரியுது", "கணக்கு தெரியும்". அது ரெண்டும் வேற வேற வேலைங்கறது இந்த வீட்டுல எங்களுக்கு யாரும் புத்தகம் போட்டுச் சொல்ல வேண்டியிருக்கலை. சித்தப்பா அந்த வினையை நடுவுல கீறி ரெண்டாக்கிட்டார்.

வாசிக்க முடியாதுங்கறதால ஞாயித்துக்கிழமை போறப்ப நான் ஏதாவது வாசிச்சுக் காட்டுவேன். ஒரு தடவை பிராட்செட்டை எடுத்து, வாயாலயே தமிழ்ப்படுத்திக்கிட்டு வந்தேன். யானை காலைத் தூக்கற இடத்துல சத்தமா சிரிச்சார். எண்ணிறம் வந்தப்ப நிறுத்தச் சொன்னார்.

"என்ன நிறம்னு சொன்னே?"

"பச்சை, மஞ்சள், ஊதா மூணும் சேர்ந்து, பளபளன்னு."

"மஞ்சளும் ஊதாவும் எதிர் நிறம்டா. கலந்தா சேறுதான் வரும். எவ்வளவு வாட்டர்கலர் கொட்டியிருக்கேன், எனக்குத் தெரியாதா?"

"மந்திரவாதிக்கு மட்டும் தெரியுமாம் சித்தப்பா."

"ஆமா, மந்திரவாதிக்கு என்ன, கட்டடம் இடிஞ்சா அவனா பதில் சொல்லப்போறான்? மேல படி."

வரைபடக்காரர் வரைபடக்காரரேதான். அது எங்கயும் போகலை. ஆனா அதே நாள் ராத்திரி சாப்பாட்டுல ரெண்டு இட்லியைச் சாப்பிட்டுட்டு ரெண்டை அப்படியே விட்டுட்டு எழுந்தார். "போதுமா?"ன்னு சித்தி கேட்டா, "தீந்துபோச்சே"ங்கறார். கொஞ்ச நாளாவே இப்படித்தானாம். பசி குறைஞ்சுடுச்சுன்னு சித்தி கவலைப்பட்டுக்கிட்டு இருந்தாங்க. எடையும் இறங்கியிருந்தது.

தட்டைப் பார்த்தேன். வெள்ளைப் பீங்கான் தட்டு. வெள்ளை இட்லி.

இது ஒண்ணும் கண்டுபிடிப்பு இல்லை. மறதி நோயாளிகளைக் கவனிக்கறவங்களுக்குத் தர்ற கையேடுகள்ல இருக்கற விஷயம்தான்: சாப்பாட்டுக்கும் தட்டுக்கும் நிறம் எதிரெதிரா இருக்கணும், படிக்கட்டோட விளிம்புல பளிச்சுனு பட்டை ஒட்டணும், தரையில கறுப்பா எதையும் போடக்கூடாது. எங்க வீட்டுல படிக்கெல்லாம் மஞ்சள் டேப் ஏற்கெனவே ஒட்டியாச்சு. தட்டு மட்டும்தான் பாக்கி இருந்தது. மறுநாள் பாத்திரக் கடையில தேடி, கத்தரிப்பூ ஊதாவுல அடர்த்தியா ஒரு மெலமைன் தட்டு வாங்கினேன். சித்திக்குப் பிடிக்கலை. "கல்யாண வீட்டு பஃபே மாதிரி இருக்கு"ன்னாங்க.

சித்தப்பா நாலு இட்லியும் சாப்பிட்டார். அஞ்சாவது கேட்டார்.

சட்னியைத்தான் தொடவே இல்லை. தேங்காய்ச் சட்னி, வெள்ளைக் கிண்ணம். அதே ஊதாவுல கிண்ணம் அந்தக் கடையில இல்லை, வேற ரெண்டு கடையில சொல்லி வெச்சிருக்கேன். அதுவரைக்கும் வீட்டுல தக்காளிச் சட்னிதான்.